ராஜாவுக்கும் ராதாவுக்கும் நடுவில் ஒருவர்

கே.பாலாஜி திரையில் வந்து சிரித்தால் போதும், பெண்கள் பக்கத்திலிருந்து "வந்துட்டான் பாரு" என்று ஒரு குரல் கிளம்பும். அன்றைக்கு எங்கள் பக்கத்து டூரிங் கொட்டகைகளில் தரை டிக்கெட்டை இரண்டாகப் பிரித்து நடுவில் இடுப்புயரத்துக்கு ஒரு சுவர் இருக்கும். அந்தப் பக்கம் பெண்கள், இந்தப் பக்கம் நாங்கள். நம்பியார் வரும்போது எழும் வசவு வேறு மாதிரி இருக்கும், அதில் ஒரு குஷி உண்டு. பாலாஜிக்கு விழுந்த வசவில் குஷி இருக்காது. தெரிந்த வீட்டுப் பையன் கெட்டுப்போய்விட்டான் என்ற ஆதங்கம்தான் இருக்கும். படிய வாரிய கிராப்பு, மடிப்புக் கலையாத கோட்டு, படித்தவன் பேச்சு. மாப்பிள்ளை பார்க்கப் போனால் எந்த அப்பனும் சம்மதித்துவிடுவான். உறுத்தியதே அதுதான்.

'படித்தால் மட்டும் போதுமா' படத்தில் கடிதம் எழுதியே கல்யாணத்தைத் திசைமாற்றுகிற படித்த அண்ணன் அவர். ஸ்ரீதரின் 'போலீஸ்காரன் மகள்' படத்தில் காதலித்து ஏமாற்றுகிறவர். இரண்டும் 1962இல் வந்தவை. நான் பார்த்தது எழுபதுகளின் நடுவில், வடமதுரைப் பக்கம் ஒரு கொட்டகையில், மணலைக் குவித்து அதன்மேல் ஏறி உட்கார்ந்து. ஒற்றை புரொஜெக்டர் என்பதால் ஒவ்வொரு பாகம் முடிந்ததும் விளக்கைப் போடுவார்கள். அந்த இடைவேளைகளில் முறுக்கு விற்கிறவரிடம்கூட பாலாஜியைத் திட்டிக்கொண்டே முறுக்கு வாங்கியவர்களைப் பார்த்திருக்கிறேன். 'தில்லானா மோகனாம்பாள்' படத்தின் சிங்கபுரம் மைனரைப் பார்த்தபோது எனக்கு இந்த மனுஷன் பிறவியிலேயே மைனர் என்றுதான் தோன்றியது.

அவர் படம் எடுக்கிறவர் என்பதை எனக்குச் சொன்னது என் தாய்மாமா. மாமா திண்டுக்கல்லில் மணிக்கூண்டுக்குச் சற்றுத் தள்ளி ஒரு சந்தில் மைக் செட் கடை வைத்திருந்தார். சவுண்ட் சர்வீஸ் என்று பலகையில் எழுதியிருக்கும், ஆனால் ஊர் முழுக்க மைக் செட்டுக்காரர்தான். அகுஜா ஆம்ப்ளிபயர் இரண்டு, கூம்புக் குழாய் ஆறு, ரிக்கார்டு பிளேயர், சீரியல் பல்பு மூட்டைகள். பள்ளி விடுமுறை விட்டால் நான் அந்தக் கடையில் கிடப்பேன். வேடசந்தூர், சாணார்பட்டி, ரெட்டியார்சத்திரம் சுற்றுவட்டத்துக் கல்யாணம், காதுகுத்து, மாசி மாதத்து மாரியம்மன் சாட்டு எல்லாவற்றுக்கும் பஸ் கூரையில் குழாயைக் கட்டிக்கொண்டு போவோம். ஊரிலேயே உயரமான மரத்தைப் பார்த்து ஏறிக் குழாயைக் கட்டுவது என் வேலை. சமவெளி ஊர்களில் தடுக்கிறதுக்கு ஒன்றுமில்லை. காற்று வாக்கில் விட்டால் மூன்று ஊர் கேட்கும். குழாயை எந்தத் திசைக்குத் திருப்புவது என்பதில் பங்காளிச் சண்டையே வந்திருக்கிறது.

மாமாவுக்கு நடிகர்களில் சிவாஜி. அதற்கு அடுத்தபடி ஒருவர் பெயரைச் சொல்வாரென்றால் அது பாலாஜி. எனக்கு அது விளங்காது. "திட்டு வாங்குறவரு மேல உங்களுக்கு என்ன மாமா பிரியம்?" என்று கேட்டேன். "மாப்ள, அந்த ஆளு முன்னாடி நின்னு திட்டு வாங்குறாரு, பின்னாடி போய் காசை எண்ணுறாரு. ரெண்டும் ஒரே ஆளுக்கு வராதுடா" என்றார்.

பாலாஜி 1934இல் பிறந்தவர். ஜெமினியின் 'ஔவையார்' படத்தில் சின்ன வேடத்தில் முகம் காட்டினார். பிறகு நரசு ஸ்டூடியோவில் தயாரிப்பு நிர்வாகம். இந்த இடத்தை அவரைப் பற்றி எழுதுகிறவர்கள் ஒரு வரியில் தாண்டிவிடுகிறார்கள். எனக்கு அது முக்கியமாகப் படுகிறது. ஒரு படத்துக்கு எத்தனை பேருக்குச் சாப்பாடு, ஒரு நாள் படப்பிடிப்பு நின்றால் யார் தலையில் எவ்வளவு விழும் என்பதையெல்லாம் நோட்டில் எழுதிப் பார்த்துவிட்டு நடிக்கப் போனவர் அவர். பெரிய நடிகர்கள் சொந்தப் படம் எடுத்துக் கையைச் சுட்டுக்கொண்ட கதை நம்மிடம் நிறைய உண்டு. எஸ்.ஏ.அசோகன்கூட எம்.ஜி.ஆரை வைத்து 'நேற்று இன்று நாளை' என்று 1974இல் ஒரு படம் எடுத்தார். பாலாஜி எடுத்தது அப்படி ஒன்று இரண்டல்ல. 1966இல் 'அண்ணாவின் ஆசை' தொடங்கி எண்பதுகள் முழுக்க, சுஜாதா சினி ஆர்ட்ஸ் என்ற பெயர் எங்கள் ஊர்ச் சுவர்களில் இல்லாத வருஷமே கிடையாது என்று சொல்லலாம்.

1967இல் 'தங்கை'. சிவாஜி அவருக்கு நடித்துக்கொடுத்த முதல் படம். அழுதுகொண்டே வசனம் பேசும் சிவாஜியைச் சண்டை போடவும் சூதாடவும் விட்ட படம். அதற்குப் பிறகு 'என் தம்பி', 'திருடன்', 'எங்கிருந்தோ வந்தாள்', 'ராஜா', 'நீதி', 'என் மகன்', 'உனக்காக நான்', 'தீபம்', 'தியாகம்' என்று சிவாஜியை வைத்து மட்டும் ஒரு டஜனுக்கு மேல். பெரும்பாலானவை வேறு மொழியில் ஓடிய கதைகள். 'ஜானி மேரா நாம்' இங்கே 'ராஜா'. 'துஷ்மன்' இங்கே 'நீதி'. 'அமானுஷ்' இங்கே 'தியாகம்'. ரஜினி வந்த பிறகு 'டான்' 'பில்லா'வாயிற்று, 'தீவார்' 'தீ'யாயிற்று. கமல் நடித்த 'வாழ்வே மாயம்' தெலுங்கு 'பிரேமாபிஷேகம்'.

இதைச் சொல்லி அவரைக் குறைத்துப் பேசுவது அன்றைய படித்த ரசிகர்களின் வழக்கம். சொந்தச் சரக்கு இல்லாதவர் என்பார்கள். நானும் கல்லூரிக்குப் போன புதிதில் அப்படிப் பேசித் திரிந்தவன்தான். மாமா கடைக்குப் பக்கத்தில் பூட்டுப் பட்டறை வைத்திருந்தவர் ஒருநாள் இதைக் கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, அரத்தைக் கீழே வைக்காமலே சொன்னார்: "பூட்டு மாதிரிய எந்த ஊர்ல இருந்து வேணா கொண்டாரலாம் தம்பி. லீவரை இங்க உக்காந்து ராவினாத்தான் சாவி விழும்." ராவிக்கொண்டே சொன்னார். அதற்கு மேல் எனக்குப் பேச வரவில்லை.

'நீதி'யையே எடுத்துக்கொள்வோம். குடித்துவிட்டு லாரி ஓட்டி ஒரு விவசாயியைக் கொன்றுவிட்ட டிரைவருக்கு, செத்தவன் குடும்பத்தோடு இருந்து அதைக் காப்பாற்ற வேண்டும் என்று தீர்ப்பு. கதை இந்திக்காரர்களுடையது. ஆனால் கரூரிலிருந்து திண்டுக்கல் வழியாக மதுரைக்குப் போகும் பெரிய ரோட்டை ஒட்டிய ஊர்களில் அது யாருடைய கதை? ராத்திரி மாட்டுவண்டியில் போனவன் மேல் லாரி ஏறிய சேதி இல்லாத வருஷம் அந்த ஊர்களில் இல்லை. அந்தப் படம் பல வருஷம் கழித்துக் கொட்டகைக்குத் திரும்ப வந்தபோது, சௌகார் ஜானகி விதவையாக நின்று அந்த டிரைவரைப் பார்க்கும் காட்சியில் பெண்கள் பக்கத்தில் ஒருத்தி எழுந்து வெளியே போனாள். அவள் வீட்டுக்காரர் எப்படிச் செத்தார் என்பது அங்கே எல்லோருக்கும் தெரியும். படம் முடிவதற்குள் அவளே திரும்பி வந்து உட்கார்ந்தாள். மாமா அதைப் பல தடவை சொல்லியிருக்கிறார், ஒவ்வொரு தடவையும் திரும்பி வந்ததைத்தான் அழுத்திச் சொல்வார்.

வியாபாரம் வேறு கதை. தமிழ்நாட்டைச் சினிமாக்காரர்கள் ஏரியா ஏரியாவாகப் பிரித்து வைத்திருந்தார்கள். நாங்கள் மதுரை-ராம்நாடு ஏரியா. திண்டுக்கல் தனி மாவட்டமானது 1985இல்தான். அதற்கு முன்னும் பின்னும் படப்பெட்டி மதுரையிலிருந்துதான் வரவேண்டும். என்.வி.ஜி.பி., சோலைஹால் என்று டவுன் தியேட்டர்களில் ஓடி முடிந்து, பிலிம் கீறல் விழுந்து, கடைசியில் கொட்டகைக்கு வரும். மாமாவோடு டீ குடிக்க வரும் பிலிம் ரெப் ஒருவர் உண்டு. விநியோகக் கம்பெனியின் ஆளாகத் தியேட்டரில் உட்கார்ந்து டிக்கெட் கணக்குப் பார்ப்பவர். அவர் சொல்வார்: மற்றவர் படத்துக்கு மதுரையில் கேட்கிற முதல் கேள்வி 'யார் நடிக்கிறது?', பாலாஜி படத்துக்கு முதல் கேள்வி 'எந்தப் படத்தோட கதை?' ஏற்கெனவே ஓர் ஊரில் ஓடிய கதை என்றால் மினிமம் கேரண்டி கொடுப்பவனுக்கு ராத்திரி தூக்கம் வரும். அந்தத் தூக்கத்தைத்தான் பாலாஜி விற்றார். வட்டிக்கு வாங்கிப் படம் எடுக்கும் தொழிலில் இது சாதாரண விஷயம் இல்லை.

இன்னொரு வேடிக்கையும் உண்டு. அவர் படங்களில் நாயகன் பெயர் ராஜா, நாயகி பெயர் ராதா. ஒன்றிரண்டில் அல்ல, படத்துக்குப் படம் இந்தப் பெயர்கள் திரும்பத் திரும்ப வரும். எங்கள் கடையில் இது ஒரு பந்தயம். புதுப்படம் வந்தால் முதலில் பார்த்துவிட்டு வருகிறவனிடம் கேட்போம், "ராஜா ராதா இருக்கா?" 'பில்லா'வில் ராஜப்பாவாகச் சற்று நீண்டிருந்தது. ராதா மாறவில்லை.

ராஜாவும் ராதாவும் அவர்கள் பாட்டுக்கு ஆடிக்கொண்டிருக்க, தனக்கு என்ன வேடம் வைத்துக்கொண்டார் என்பதைத்தான் நான் பிற்பாடு கவனிக்கத் தொடங்கினேன். பணம் போடுகிறவர் தன்னையே நாயகனாக்கிக்கொண்டால் கேட்க ஆளில்லை. பாலாஜி அதைச் செய்யவில்லை. 'என் தம்பி'யில் சொத்து ஆசையில் துரோகம் செய்பவராக நின்று, தன் சொந்தப் படத்திலேயே வசவு வாங்கினார். 'பில்லா'வில் டி.எஸ்.பி. அலெக்சாண்டர். இறந்துபோன பில்லாவின் இடத்தில் ராஜப்பாவை அனுப்பியது அந்த ஒரு அதிகாரிக்கு மட்டும்தான் தெரியும். அவர் பாதிப் படத்தில் செத்துப்போகிறார். அவர் செத்ததனால்தான் ராஜப்பா மாட்டிக்கொள்கிறான், அங்கிருந்துதான் படம் பற்றிக்கொள்கிறது. கதையைத் தாங்குகிற ஆணி யார் என்று தெரிந்து, அந்த ஆணியைத் தனக்கு எடுத்துக்கொண்டு, வேளை வந்ததும் கழன்றுவிட்டார்.

அந்தப் படத்தை அவர் எடுத்த நேரத்தையும் பார்க்க வேண்டும். 1979இல் ரஜினிக்கு உடம்பு சரியில்லாமல் போய், இனி முன்போல் நடிப்பாரா என்று பத்திரிகைகளே எழுதிக்கொண்டிருந்தன. அந்தச் சமயத்தில் அவரை இரட்டை வேடத்தில் போட்டுப் பெரிய செலவில் படம் எடுக்க நெஞ்சழுத்தம் வேண்டும். 1980 குடியரசு தினத்தன்று படம் வந்தது. அந்த வருஷத் தை மாதக் கல்யாணங்களில் கடைசி முகூர்த்தம் வரை ரிக்கார்டு கிடைக்காமல் நாங்கள் பட்ட பாடு தனி. ரிக்கார்டு வாங்க மாமா மதுரை டவுன்ஹால் ரோட்டுக்கே போய்வந்தார்.

ஆனால் பாலாஜியின் பெயரை எங்கள் தொழிலோடு சேர்த்துக் கட்டியது 'விதி'. 1984. தெலுங்கில் 'நியாயம் காவாலி' என்று வந்த கதை. கே.விஜயன் இயக்கம், ஆரூர்தாஸ் வசனம். காதலித்துக் கர்ப்பமாக்கிக் கைவிட்டவனை ராதா கோர்ட்டுக்கு இழுக்கிறாள். அவளுக்காக வாதாடும் வக்கீல் சுஜாதா, எதிரே ஜெய்சங்கர். கைவிட்டவனாக நடித்தது மோகன். இந்தத் தேர்வை நினைத்தால் இன்றைக்கும் எனக்குச் சிரிப்பு வரும். 'பயணங்கள் முடிவதில்லை' வந்து இரண்டு வருஷம்கூட ஆகவில்லை. மைக்கைப் பிடித்துப் பாடும் அந்தப் பையனுக்காகத் தமிழ்நாட்டுப் பெண்பிள்ளைகள் உருகிக்கொண்டிருந்த நேரம். அவனைக் கொண்டுபோய்க் கூண்டில் ஏற்றினார். முகத்தைப் பார்த்தாலே கெட்டவன் என்று தெரிகிற ஒருவரைப் போட்டிருந்தால், 'இவனைப் போய் நம்பினாளே' என்று பழியெல்லாம் பெண் தலையில் விழுந்திருக்கும். மோகனைப் பார்த்தால் யாரும் நம்புவார்கள். நல்ல முகத்தில் வைத்த துரோகத்துக்கு என்ன விலை என்பது, இருபத்திரண்டு வருஷம் முன்பு போலீஸ்காரர் மகளை ஏமாற்றி நின்ற நடிகருக்குத் தெரியாதா? இதை யாரும் எனக்குச் சொல்லவில்லை, நானே கோத்துக்கொண்டது. ஆனால் மாற்றிக்கொள்ளும்படி இதுவரை ஒன்றும் கேள்விப்படவில்லை.

படம் ஓடியது ஒரு பக்கம். அதன் வசனக் கேசட் ஓடியது வேறு மாதிரி. அதற்கு முன்பும் நாங்கள் கதை வசனம் போடுவோம். 'திருவிளையாடல்', 'கட்டபொம்மன்' ரிக்கார்டுகள் இல்லாமல் எந்த மைக் செட்டும் கிடையாது. ஆனால் அவை ராஜாக்களும் சாமிகளும் பேசுகிற பேச்சு. கேசட் அப்போதுதான் மலிந்து கிராமத்துக்கு வந்திருந்தது. 'விதி' வந்ததும் டீக்கடை, சலூன், பஸ் எங்கும் கோர்ட் சீன்தான். சாயங்காலம் சாமி பாட்டில் தொடங்கி, மாப்பிள்ளை அழைப்புக்குச் சினிமாப் பாட்டு போட்டு, பந்தி முடிந்ததும் ராத்திரி பத்து மணிக்கு மேல் 'விதி'யைப் போட வேண்டும். போடாவிட்டால் மைக் செட்டுக்காரனுக்கு மரியாதை இல்லை.

வேடசந்தூருக்கு உள்ளே தள்ளி ஒரு கல்யாண வீடு. நிலக்கடலை பிடுங்கி முடித்த கையோடு வைத்த முகூர்த்தம். ராத்திரி கேசட் ஓடிக்கொண்டிருக்கிறது. மாப்பிள்ளையின் அப்பா விறுவிறுவென்று வந்தார். "ஏம்ப்பா, கல்யாண வீட்ல போடுற கதையா இது? கேசு, கோர்ட்டுன்னு. நிறுத்துப்பா." அவர் சொன்னதிலும் நியாயம் உண்டு. விடிந்தால் தாலி, இங்கே ஒருத்தி கைவிடப்பட்டுக் கூண்டில் நிற்கிறாள். மாமா நிறுத்திவிட்டு ஒரு முருகன் பாட்டைப் போட்டார். பாட்டு பல்லவி தாண்டவில்லை. காலைச் சமையலுக்குக் காய் அரிந்துகொண்டிருந்த பெண்கள் அரிவாள்மணையை விட்டு எழுந்து வந்துவிட்டார்கள். முன்னால் நின்ற கிழவி அந்த வீட்டுக்கே மூத்தவள், மாப்பிள்ளையின் அப்பாவுக்குச் சின்னம்மா. "அந்த வக்கீலம்மா பேசி முடிக்கட்டும்யா. எங்களுக்காக யாரு பேசுனா இதுவரைக்கும்?" என்றாள். அவர் ஒன்றும் பேசாமல் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு போய்விட்டார். மாமா கேசட்டைப் பின்னால் ஓட்டி, கோர்ட் சீனை முதலிலிருந்து போட்டார். குழாய் கட்டிய மரத்தடியில் நான் நின்றுகொண்டிருந்தேன். அந்தப் பெண்கள் சுஜாதாவின் குரலுக்கு முன்னாலேயே உதட்டை அசைத்துக்கொண்டிருந்தார்கள்.

அந்த ஊர்களில் நடந்த பஞ்சாயத்துகள் எனக்குத் தெரியும். பிள்ளை யாருடையது என்று கேட்டு ஒரு பெண்ணை மந்தையில் நிறுத்தினால், அபராதம் கட்டிவிட்டு ஆண் போய்விடுவான். சினிமா அதை மாற்றிவிட்டது என்றெல்லாம் நான் சொல்ல மாட்டேன். ஆனால் அதற்குப் பிறகு கொஞ்ச காலம், எங்கள் பக்கம் யாராவது ஒரு பெண்ணை ஏமாற்றினால் "விதி கேசு" என்று சொல்வது வழக்கமாயிற்று. பாலாஜி திரையில் வாங்கிய வசவையெல்லாம் சேர்த்து வைத்து ஒரே படத்தில் திருப்பிக் கொடுத்ததுபோல எனக்கு அது பட்டது.

எண்பதுகளின் கடைசியில் கேசட்டுக் கதை தேய்ந்தது. வீட்டுக்கு வீடு டி.வி. வந்தது. கூம்புக் குழாய்க்குப் போலீஸ் கெடுபிடியும் கூடியது. மாமா பந்தல், நாற்காலி வாடகைக்கு மாறினார். பாலாஜியின் படங்களும் குறைந்துகொண்டே வந்தன. கதை வாங்கிச் செய்கிறவருக்கு ஒரு சங்கடம் உண்டு. இந்திப் படமும் தெலுங்குப் படமும் வீடியோவில் ஊருக்குள்ளேயே வந்துவிட்டால், யாரும் பார்க்காத கதை என்று அவர் எதைக் கொண்டுவருவார்? 1988இல் அவர் மகள் சுசித்ராவை மோகன்லால் மணந்துகொண்டார். அதற்குப் பிறகு வந்த பிள்ளைகளுக்கு அவர் மோகன்லாலின் மாமனார். மாமாவுக்கு இது பொறுக்காது. "அவரு யாருன்னு கேட்டா இவரு யாருன்னு சொல்றானுங்க" என்பார்.

2007 டிசம்பரில் அஜித் நடித்து 'பில்லா' மறுபடி வந்தது. மாமாவுக்கு அப்போது எழுபது தாண்டிவிட்டது, முழங்கால் வலி. படி ஏற மாட்டேன் என்றவரை என் மகன்தான் விடாப்பிடியாகத் திண்டுக்கல் தியேட்டருக்குக் கூட்டிக்கொண்டு போனான். படம் முழுக்க அவர் ஒன்றும் சொல்லவில்லை. கோட்டும் கண்ணாடியுமாக மலேசியாவில் நடந்துகொண்டிருந்த கதை அவருக்கு எவ்வளவு பிடிபட்டது என்று தெரியாது. போலீஸ் அதிகாரியாகப் பிரபு வந்ததும் மட்டும் என் மகனின் தோளைத் தட்டினார்.

"இது யாரு வேசம் தெரியுமாடா?"

"பிரபு, தாத்தா."

"வேசம் பாலாஜியோடது. பையன் சிவாஜியோடவன்" என்றார் மாமா. சொல்லிவிட்டு, பக்கத்து சீட்காரர் முறைப்பதைப் பொருட்படுத்தாமல், 'தங்கை'யிலிருந்து வரிசையாகப் படங்களின் பெயரைச் சொல்லத் தொடங்கினார். 'தியாகம்' வரும்போது இடைவேளை விட்டார்கள்.